கடவுச்சொல்லும் காவற்பெட்டகமும்

கோட்டை வாயிலில் அடையாளச் சொல் கேட்கும் வழக்கம் பழையது. கணிப்பொறிக்குள் அது புகுந்தது 1960களின் தொடக்கத்திலேயாம். அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தில் பெர்னாண்டோ கார்படோ என்பார், ஒரே பொறியைப் பலர் ஒருங்கே பயன்படுத்தும் முறையை வகுத்து 1961இல் செய்து காட்டினார். ஒருவர் கோப்பை மற்றவர் பாராதிருத்தற்பொருட்டு அம்முறையில் ஆளுக்கொரு கடவுச்சொல் வழங்கப்பெற்றது.

அச்சொற்களோ ஒரே கோப்பில் மறைப்பேதுமின்றிக் கிடந்தன. 1962இல் ஆலன் ஷெர் என்னும் ஆய்வு மாணவர், தமக்கு அளந்து கொடுத்த நேரம் போதாமையால், அக்கோப்பையே அச்சிடச் செய்து பிறர் நேரத்தையும் எடுத்துக்கொண்டார். பின்னொரு நாள் இருவர் ஒரே வேளையில் இரு கோப்புகளைத் திருத்தப்போக, அவை இடம் மாறின. உள்நுழைந்தோர்க்கெல்லாம் அன்றைய அறிவிப்புக்குப் பதிலாக எல்லாருடைய கடவுச்சொற்களும் கண்முன் விரிந்தன! பூட்டியவரே சாவிக்கொத்தைத் தெருவில் வைத்தது போலாயிற்று.

இணையம் பரவியபின் ஒருவருக்கே பற்பல சொற்கள் வேண்டியவாயின. ஒரே சொல்லை எங்கும் இடுவோர் பெருகினர். அஃது ஓரிடத்தில் களவு போயின் எல்லா வாயில்களும் திறந்துகொள்ளும். 1997இல் புரூஸ் ஷ்னையர், சொற்களை மறைகுறியாக்கிக் காக்கும் பெட்டகச் செயலியொன்றை வெளியிட்டார். இந்நாளில் அத்தகைய பெட்டகம் உலாவியோடு இணையும் நீட்சியாகவும் கிடைக்கின்றது. வங்கியின் பக்கம் போலவே ஒப்பனை செய்த போலித்தளம் மனிதர் கண்ணை ஏய்க்கும். முகவரி வேறாயின் நீட்சி தானாகச் சொல்லை நிரப்பாது. பெரும்பயன் இதுவே.

ஆயினும் 2022இல் லாஸ்ட்பாஸ் நிறுவனத்தின் சேமிப்பிலிருந்து பயனர் பெட்டகங்களின் படிகள் களவாடப்பட்டன. கடவுச்சொற்கள் மறைகுறியில் இருந்தமையால் உடனே வெளிப்படவில்லை. எளிய தலைச்சொல் வைத்திருந்தோர் நிலையோ வேறு. கள்வர் ஓய்வாக ஊகித்துப் பார்க்கலாமன்றோ?

2019இல் மறைந்த கார்படோ, 2014இல் அளித்த நேர்காணலில் கடவுச்சொற்கள் ஒரு கெட்ட கனவாகிவிட்டன என்றார். தாமும் அவற்றைத் தாளில் குறித்து வைத்திருந்ததை அவர் மறைக்கவில்லை.