இராமலிங்க விலாசமும் ஓரியூர்ச் செம்மண்ணும்

சேது நாட்டுக் கத்தோலிக்கருக்கு ஓரியூர்ச் சாலையைப் பற்றி யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. பிப்ரவரி பிறந்தால் பஸ்ஸிலும் வேனிலும், நேர்ச்சை வைத்தவர்கள் கால்நடையாகவும் அங்கே போகிறோம். புனித அருளானந்தர் இரத்தம் சிந்திய செம்மண்ணில் முழங்காலிடுகிறோம். ஒரு பிடி மண்ணை முந்தானையில் முடிந்துகொண்டு வீடு திரும்புகிறோம். ஆனால் அவரை அந்தச் செம்மண்ணுக்கு அனுப்பி வைத்த ஊர் இராமநாதபுரம். கோர்ட்டுக்கும் கலெக்டர் ஆபீசுக்கும் பெரியாஸ்பத்திரிக்கும் அங்கே போய் வருகிற நம் பங்கு மக்களில் எத்தனை பேர் அரண்மனைக்குள் நுழைந்து சேதுபதிகளின் கொலுமண்டபத்தைப் பார்த்திருக்கிறார்கள்? ‘அரண்மனை’ என்பது நம்மில் பலருக்கு ஒரு பஸ் நிறுத்தத்தின் பெயர், அவ்வளவுதான்.

ஆகவேதான் இந்தப் பொன்விழா ஆண்டில், ஓரியூருக்குப் புறப்படுமுன் இராமநாதபுரத்தில் அரை நாள் நடந்து பார்ப்பது என்று விழாக் குழுவில் பேசி முடிவு செய்தோம். ஒரு தடவைக்குப் பன்னிரண்டு பேர். திருத்தூதர் கணக்கு என்று யாரும் எண்ண வேண்டாம். மாடி அறைகள் சிறியவை. பன்னிரண்டு பேருக்கு மேல் நின்றால் பின்னால் இருப்பவர் முன்னால் இருப்பவரின் பிடரியைத்தான் பார்க்க முடியும். ஐம்பது பேர் பஸ்ஸில் வந்து இறங்கி, பத்து நிமிடத்தில் ஒரு சுற்றுச் சுற்றி, வாசலில் சர்பத் குடித்துவிட்டு ஏறிப் போவதற்கு வழிகாட்டி எதற்கு?

இம்முறை புதியதும் அன்று. 16ஆம் நூற்றாண்டில் உரோமை நகரில் புனித பிலிப்பு நேரி, தம்மிடம் வந்த இளைஞரையும் தொழிலாளரையும் அழைத்துக்கொண்டு அந்நகரின் ஏழு பெருங்கோவில்களுக்கும் நடப்பார். வழியில் பாட்டு உண்டு, செபம் உண்டு, மர நிழலில் உட்கார்ந்து சாப்பாடும் உண்டு. தொடக்கத்தில் அவருடன் போனவர்கள் மிகச் சிலரே. நம் மண்ணிலோ, காசியிலிருந்து இராமேசுவரம் வரை சேது யாத்திரை போனவர்கள் ஊருக்கு ஊர் நின்று, அந்தந்த ஊர்க்காரர் வாயால் தல வரலாறு கேட்டே சென்றார்கள்.

நமக்கு வழிகாட்ட இசைந்தவர் அவ்வூரில் பல ஆண்டுகள் டிராயிங் மாஸ்டராக இருந்து ஓய்வுபெற்ற ஓர் இந்துப் பெரியவர். கையில் மடக்கிய குடை. அதன் நுனியைச் சுவரிலிருந்து ஒரு முழம் தள்ளியே நீட்டிக் காட்டுவார். சுவரைத் தொட யார் கை நீண்டாலும் அந்தக் குடை குறுக்கே வந்துவிடும்.

இனி அரண்மனையைப் பார்ப்போம். கிழவன் சேதுபதி என்று மக்கள் அழைத்த இரகுநாத சேதுபதி, போகலூரில் இருந்த தலைநகரை இராமநாதபுரத்திற்கு மாற்றியவர். கல்லால் கோட்டை எழுப்பியவரும் அவரே. அந்தத் திருப்பணியில் கீழக்கரை வள்ளல் சீதக்காதி துணை நின்றார் என்பது இந்நாட்டு மரபு. அந்த அரண்மனையின் கொலுமண்டபமே இராமலிங்க விலாசம். தமிழ்நாடு தொல்லியல் துறை அதை இன்று அருங்காட்சியகமாக வைத்துக் காத்து வருகிறது. தூண்கள் வரிசையாக நிற்கும் பெரிய மண்டபம் முதலில். அதைத் தாண்டி ஏறினால் அதனினும் சிறிய மண்டபம். அதற்கும் உள்ளே, மன்னர்கள் முடிசூடிய இராமர் பீடம் உள்ள அறை. ஒரு கோவிலின் மகாமண்டபம், அர்த்தமண்டபம், கருவறை என்ற அதே ஒழுங்கில் கொலுமண்டபத்தைக் கட்டியிருக்கிறார்கள். அரசன் முன் செல்வது ஆண்டவன் முன் செல்வது போல என்று கட்டடமே சொல்லிவிடுகிறது. 1686இலும் 1693இலும் இரு முறை கைதியாக இந்நகருக்குக் கொண்டுவரப்பட்ட நம் புனிதர் எத்தகைய அதிகாரத்தின் முன் நின்றார் என்பதை எந்தப் பிரசங்கத்தைக் காட்டிலும் அந்தத் தூண்கள் நன்றாக விளக்கும்.

சுவரிலும் விதானத்திலும் உள்ள ஓவியங்கள் அதற்கு அடுத்த தலைமுறையைச் சேர்ந்தவை. கிழவன் சேதுபதி 1710இல் மறைந்தபின் பட்டமேறி 1725 வரை ஆண்ட முத்து விஜயரகுநாத சேதுபதியின் காலத்தில் தீட்டப்பட்டவை. இராமாயணமும் பாகவதமும் வரிசை வரிசையாக ஓடுகின்றன. இராஜராஜேஸ்வரி அம்மன் தன் கையால் சேதுபதிக்குச் செங்கோல் தருகிறாள். மதுரை நாயக்கர் விஜயரங்க சொக்கநாதர் சேதுபதிக்கு இரத்தினாபிஷேகம் செய்கிறார். ஒரு பக்கம் தஞ்சை மராட்டியருடன் போர். யானையும் குதிரையும் கலந்து சுவர் முழுவதும் ஒரே தூசியாகத் தோன்றுகிறது. பெரும்பாலும் காவிச் சிவப்புத்தான் கண்ணில் நிற்கிறது. சுண்ணச் சாந்து பூசிய சுவரில் இட்ட வண்ணம் ஆதலால் ஈரம் அதற்கு எமன். பல இடங்களில் வண்ணம் உதிர்ந்து, மன்னர் இருக்கிறார், அவர் கை இருந்த இடம் வெறும் சுண்ணாம்பாக இருக்கிறது.

ஒரு சுவரில் சேதுபதி கொலுவிருக்கிறார். அவர் முன் வெள்ளையர் நிற்கிறார்கள். நம்மவர் அங்கே வந்ததும் ஒரே பரபரப்பு. எழுபதைத் தாண்டிய ஒரு மூதாட்டி முன்னே வந்து, “இதுல நம்ம அருளானந்தர் சாமி யாரு சார்?” என்று கேட்டார்.

மாஸ்டர் குடையைத் தாழ்த்தினார். “இவங்க வியாபாரம் பேச வந்தவங்க ஆத்தா. உங்க சாமி தொப்பி போடாதவராச்சே, இதுல எப்படி இருப்பாரு?” என்றார்.

நான் அதுவரை அந்த ஓவியத்தைப் பற்றிப் படித்திருந்தவற்றில் இந்த ஒரு சொல் இல்லை. லிஸ்பனில் 1647இல் பிறந்து, போர்த்துக்கல் அரண்மனையிலேயே வளர்ந்த ஜான் டி பிரிட்டோ, தொப்பியையும் அங்கியையும் களைந்துவிட்டுக் காவி உடுத்துப் பண்டாரசுவாமியாக நடந்தவர், அருளானந்தர் என்று பெயர் பூண்டவர், புலால் தொடாதவர். ஐரோப்பியர் என்று ஓவியன் அடையாளம் காட்டுவதற்குரிய எதுவும் அவரிடம் இல்லை. தொப்பி போட்டு வந்தவர்கள் கொலுவில் வரவேற்கப்பட்டுச் சுவரிலும் இடம் பெற்றார்கள். முத்தும் சங்கும் மிளகும் பேசியவர்களால் அரசுக்கு இலாபம் உண்டு. காவியுடுத்தி வந்தவரால் வந்தது சங்கடம்.

அந்தச் சங்கடம் யாதென்று நேர்மையாகப் பார்க்க வேண்டும். நம் மேடை நாடகங்களில் கிழவன் சேதுபதி மீசை முறுக்கி வந்து நாலு அதட்டல் போட்டுவிட்டுப் போகிறார்; அது வரலாறு ஆகாது. 1686இல் மங்களத்தில் பிடிபட்டு வதைபட்ட அருளானந்தரை இந்நகருக்கு வரவழைத்து, அவருடைய போதனையைக் கேட்டு, இனி என் நாட்டில் போதிக்கக் கூடாது என்று சொல்லி விடுதலை செய்து அனுப்பியவர் இதே சேதுபதி. புனிதர் ஐரோப்பா சென்று 1690இல் மீண்டு வந்தார். மறவர் நாட்டுக்கே மறுபடி வந்தார். மறவர் அரச குலத்தவரான தடியத்தேவர் கொடிய நோயுற்றிருந்தபோது ஓர் உபதேசியார் நற்செய்தி வாசித்து மன்றாட, அவர் சுகம் பெற்றார். 1693 சனவரி 6, மூன்று இராசாக்கள் திருநாளன்று திருமுழுக்குப் பெற்றார். அதற்கு நிபந்தனையாக, முதல் மனைவியை மட்டும் வைத்துக்கொண்டு மற்ற மனைவியரை விலக்கினார். விலக்கப்பட்டவர்களுள் ஒருத்தி கடலை. சேதுபதியின் உறவுப் பெண்.

மாடி அறைகளில் மன்னர் பெண்கள் சூழ இருக்கும் காட்சிகள் பல உண்டு. மாஸ்டர் அங்கே வந்ததும் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தபடி சற்று வேகமாக நடந்தார். இளைஞர்கள் சற்று மெதுவாக நடந்தார்கள். ஆனால் கடலையின் கதை புரிய வேண்டுமானால் அந்த அறைகளிலும் நிற்கத்தான் வேண்டும். அக்காலத்து அரச வீட்டில் ஒவ்வொரு திருமணமும் இரு பாளையங்களுக்கு இடையே ஓர் உடன்படிக்கை. ஒரு மனைவியை விலக்கினால் அவள் பிறந்த வீட்டோடு உடன்படிக்கை முறிகிறது. அந்தப் பிறந்த வீடு சேதுபதியின் வீடாக இருந்துவிட்டது. மேலும் தடியத்தேவர் அரியணைக்கு உரிமை கோரக்கூடிய குலத்தவர். அவர் பின்னால் ஒரு புதிய கூட்டம் சேர்வதை எந்த அரசன் பொறுப்பான்?

மாதர் சங்கத் தலைவி என்னிடம் மெல்லக் கேட்டார்: “வாழ்ந்துக்கிட்டிருந்த வீட்டை விட்டுப் போன்னா, அந்தப் பொண்ணு என்ன சாமி செய்வா?” வேண்டியதைக் கொடுத்துக் காப்பதாகவே தடியத்தேவர் சொல்லியிருந்தார் என்றேன். “சோறு போட்டாப் போதுமா?” என்றார். ஒருவன் ஒருத்தி என்ற மறை நெறியை நான் எந்நாளும் கற்பிக்கிறேன். அதற்காக உயிரைத் தந்தவரை வணங்குகிறேன். ஆயினும் முந்நூறு ஆண்டுகளுக்குப் பிறகும் ஒரு பெண் இன்னொரு பெண்ணுக்காகக் கேட்ட அந்தக் கேள்வியை அற்பமென்று தள்ள என்னால் முடியவில்லை.

சேதுபதி வெளிப்படையாக விதித்தது நாடுகடத்தல். தம் தம்பி ஆண்ட ஓரியூருக்கு அனுப்புவதாக அறிவித்துவிட்டு, கொல்லும்படி மறைவாக ஓலை அனுப்பினார். அங்கே சிறையில் கரியை நீரில் குழைத்துத் துரும்பால் கடிதம் எழுதினார் புனிதர். 1693 பிப்ரவரி 4இல் தலை வெட்டுண்டார். 1853இல் அருளாளராகவும், 1947 சூன் 22இல் பாப்பரசர் 12ஆம் பத்திநாதரால் புனிதராகவும் உயர்த்தப்பட்டார். இவை நாம் அறிந்தவை, விரிக்கவில்லை.

அரண்மனையை விட்டு வெளியே வந்தபின் நடை தளர்ந்துவிடுகிறது. வெயிலும் ஏறிவிடும். சுவார்ட்ஸ் பள்ளியை மட்டும் பார்த்தோம். தஞ்சையில் வாழ்ந்த லுத்தரன் போதகர் சுவார்ட்ஸ் ஐயரின் பெயரைத் தாங்கிய பள்ளி அது. இராமேசுவரத்துப் படகுக்காரர் மகன் அப்துல் கலாம் படித்த பள்ளி என்றதும் நம் சிறுவர்களுக்கு அரண்மனையைவிட அதுவே பெரிதாகிவிட்டது. குறை சொல்ல மாட்டேன்.

இந்த நடையால் நம் பங்கில் ஒன்று நடந்தது. அதையும் இம்மலரில் பதிவு செய்வது நல்லது. பொன்விழாவை முன்னிட்டு நம் ஆலயத்தின் பழைய மரப் பீடத்தைச் சுரண்டிப் பொன்நிற எனாமல் அடிப்பதாக ஏற்பாடு இருந்தது. அதன் அடிப்பலகையில் திராட்சைக் கொடியும் இரண்டு வள்ளங்களும் மங்கிய வண்ணத்தில் இருப்பதை எல்லோரும் அறிவோம். முதல் நடைக்கு வந்த குழுவில் பெயிண்டர் வேலை செய்கிற நம் பங்கு இளைஞர் ஒருவரும் இருந்தார். பீட வேலையை ஒப்புக்கொண்டிருந்தவர் அவரே. மறுநாள் திருப்பலி முடிந்ததும் வந்து, “சாமி, அந்த வள்ளத்து மேல எனாமல் அடிக்க எனக்குக் கை வரல” என்றார். கூலியை இழப்பவர் அவர் என்பதால் அந்தச் சொல்லுக்கு மதிப்பு அதிகம். கி.பி. 600 வாக்கில் மார்செய் நகர் ஆயர் செரேனுஸ் கோவில் படங்களை உடைத்தபோது, எழுத்தறியாதவர் படங்களைப் பார்த்தே மறையைக் கற்கிறார்கள் என்று பெரிய கிரகோரியார் அவருக்குக் கடிதம் எழுதினார். இதை விழாக் குழுவில் எடுத்துச் சொன்னேன். காரசாரமாகத்தான் பேச்சு நடந்தது. பொன்விழாவுக்குப் பீடம் பளபளக்க வேண்டாமா என்று கேட்டவர்களின் ஆசையிலும் தவறில்லை. தம் உழைப்பின் காசைக் கொடுத்தவர்கள் அவர்கள். 1964 டிசம்பர்ப் புயலுக்குப்பின் கூரையிழந்து நிற்கும் தனுஷ்கோடி ஆலயச் சுவரைக் குறிப்பிட்டு, அங்கே எந்தப் படம் எந்தச் சுவரில் இருந்ததென்று சொல்ல இன்று எத்தனை பேர் இருக்கிறார்கள் என்று ஒரு பெரியவர் கேட்டபின் பேச்சு அடங்கியது. பீடத்தைத் தூசி தட்டி, பூச்சரித்த பின்பலகையை மட்டும் மாற்றுவதென முடிவாயிற்று. எனாமலுக்கு ஒதுக்கிய பணம் அந்தத் தச்சு வேலைக்குச் செல்கிறது. அதை மேற்பார்க்கும் பொறுப்பும் அதற்குரிய கூலியும் அந்த இளைஞருக்கே.

இதுவரை மூன்று குழுக்கள் போய் வந்துள்ளன. நான்காவது குழு தவக்காலத்திற்கு முன் புறப்படும். அன்பியத்திற்கு இருவர் வீதம் உபதேசியாரிடம் பெயர் கொடுக்க வேண்டும். முழங்கால் வலியுள்ளவர்கள் முன்கூட்டியே சொன்னால் மாடிப்படியில் கை கொடுக்க ஆள் போடுவோம். தண்ணீரும் பொட்டலச் சாப்பாடும் அவரவர் கொண்டுவர வேண்டும். சாப்பாடு ஓரியூரில் மர நிழலில். டிராயிங் மாஸ்டர் காசு வாங்க மறுக்கிறார். ஆனால் பாம்பன் கருவாடு என்றால் மறுக்கமாட்டார் என்று அவர் வீட்டம்மாள் மூலம் அறிந்திருக்கிறோம்.