மனு பார்க்க வந்தவர்கள்

பாளையங்கோட்டையில் ஒரு கல்லூரியில் வரலாறு நடத்துகிறேன். போன வருடம் 1801ஆம் ஆண்டுச் சிறையுடைப்பைப் பற்றிப் பாடம் எடுத்துக்கொண்டிருந்தபோது, கடைசி பெஞ்சிலிருந்து ஒரு மாணவி கேட்டாள்: "மேம், இந்தச் செயில் கதையில எல்லாம் பொம்பளைங்களே கிடையாதா?" வகுப்பு சிரித்தது. எனக்குச் சிரிப்பு வரவில்லை. இருபது வருடமாக நான் சொல்லிக் கொடுத்த சிறை வரலாற்றில் ஒரு பெண்ணின் பெயரையும் கரும்பலகையில் எழுதியதில்லை என்பது அப்போதுதான் உறைத்தது. தேடிப் பார்த்துச் சொல்கிறேன் என்றேன். தேடியதில் கிடைத்ததை இங்கே எழுதுகிறேன்.

சிறைக் கலகம் என்றதும் நம் மனதில் எழுவது ஒரு ஆண்களின் காட்சி. 1971 செப்டம்பரில் அமெரிக்காவின் அட்டிகா சிறையைக் கைதிகள் கைப்பற்றினார்கள். ஐந்தாம் நாள் அரசு துப்பாக்கியோடு நுழைந்தது. மொத்தம் 43 பேர் இறந்தார்கள். நம் பக்கத்தில் 1950 பிப்ரவரி 11 அன்று சேலம் மத்திய சிறையில் கம்யூனிஸ்ட் கைதிகள் மீது துப்பாக்கிச் சூடு நடந்தது. 22 பேர் இறந்தார்கள். இந்தக் காட்சிகளில் மதில், கம்பி, உள்ளே கைதி, எதிரே காவலர் ஆகியவை மட்டும் இருக்கும். மதிலுக்கு வெளியே யார் நின்றார்கள் என்பது படத்தில் வராது. தாமிரபரணிக் கரையின் சிறை வரலாற்றையோ வெளியே நின்றவர்களை விட்டுவிட்டு எழுதவே முடியாது. இங்கே கலகம் பெரும்பாலும் மதிலுக்கு வெளியேதான் தொடங்கியது.

முதலில் 1801. கட்டபொம்மனை 1799 அக்டோபர் 16 அன்று கயத்தாற்றில் தூக்கிலிட்ட பிறகு, அவருடைய தம்பி ஊமைத்துரையையும் உறவினர்களையும் கம்பெனிப் படை பாளையங்கோட்டைக் கோட்டையில் அடைத்தது. அந்தக் கோட்டையில் இன்று மிஞ்சியிருப்பது கொஞ்சம்தான். 1801 பிப்ரவரி 2 இரவு ஆங்கில அதிகாரிகள் விருந்தில் இருந்த நேரம் பார்த்து ஊமைத்துரை தப்பினார். வெளியே இருந்து வந்த ஆட்கள் காவலை அடக்கி, உள்ளே இருந்தவர்களை மீட்டுப் போனார்கள். விறகு விற்பவர்களாக வேடமிட்டு, விறகுக் கட்டுக்குள் ஆயுதத்தை மறைத்துக் கொண்டுபோனார்கள் என்று இங்கே சொல்வார்கள். இடித்துத் தள்ளப்பட்ட பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டை சில நாட்களில் மீண்டும் எழுந்தது.

நான் வகுப்பில் நடத்திவந்த கதை இந்த இடத்தில் போருக்குத் தாவிவிடும். போர் முடிந்த பிறகு நடந்த ஒன்றை, எதிர்த்தரப்பில் நின்று சண்டை போட்ட ஜேம்ஸ் வெல்ஷ் என்ற ஆங்கிலேய அதிகாரி தன் நினைவுக் குறிப்பில் எழுதி வைத்திருக்கிறார். 1801 மே மாதம் கோட்டை விழுந்தது. அக்கம்பக்கத்து ஊர்ப் பெண்கள் தங்கள் வீட்டு ஆண்களைத் தேடிப் பிணங்களுக்கு நடுவே போனார்கள். ஒரு தாய் தன் மகனைக் குற்றுயிராகக் கண்டெடுத்தாள். என்னை விடு, பக்கத்தில் கிடக்கும் ஊமைச் சாமியைக் காப்பாற்று என்றான் மகன். ஊமைத்துரையைத் தூக்கிக்கொண்டு ஊருக்குள் போனார்கள். கம்பெனிக்குத் துணை நின்ற எட்டயபுரத்து ஆட்கள் தேடி வந்தபோது, பெண்கள் அவர்மேல் துணியைப் போர்த்தி ஒப்பாரி வைத்தார்கள். அம்மை கண்டு செத்த பையன் என்றார்கள். வந்தவர்கள் திரும்பிப் பார்க்காமல் ஓடினார்கள்.

அந்தத் தாயின் பெயர் எந்தப் பதிவிலும் இல்லை. ஊமைத்துரை அதற்குப் பிறகும் மாதக்கணக்கில் போராடி 1801 நவம்பரில் பாஞ்சாலங்குறிச்சியில் தூக்கிலிடப்பட்டார். தேடி வந்தவர்களின் கைக்கு அவர் அன்றைக்கு அகப்படாமல் போனதற்குக் காரணம் சில பெண்கள் போட்ட பொய் ஒப்பாரி. சாவு வீட்டில் அழுவது பெண்ணின் கடமை என்று விதித்திருந்த சமூகத்தில், அந்த அழுகையையே அவர்கள் ஆயுதமாக்கினார்கள். சிறையுடைப்பின் கடைசி அத்தியாயம் ஒரு வீட்டுத் திண்ணையில் நடந்திருக்கிறது. நாங்கள் பாடம் நடத்துவது கோட்டை வாசலோடு நின்றுவிடுகிறது.

நூறு வருடம் கழித்து மறுபடியும் பாளையங்கோட்டை. 1880இல் இங்கே மத்திய சிறை நிறுவப்பட்டது. 1908 மார்ச் 12 அன்று வ.உ.சிதம்பரனாரும் சுப்பிரமணிய சிவாவும் கைதானார்கள். அதற்குக் கொஞ்சம் முன்புதான் தூத்துக்குடி கோரல் மில் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்து வென்றிருந்தார்கள். கைதுச் செய்தி பரவியதும் மார்ச் 13 அன்று திருநெல்வேலி எழுந்தது. கடைகள் மூடின. அரசுக் கட்டடங்கள் எரிந்தன. துப்பாக்கிச் சூட்டில் நான்கு பேர் இறந்தார்கள். இந்த முறையும் உள்ளே இருந்தவர்களுக்காக வெளியே இருந்தவர்கள்தான் கிளர்ந்தார்கள்.

1908 ஜூலை 7 அன்று நீதிபதி பின்ஹே வ.உ.சி.க்கு இரட்டை ஆயுள் தண்டனை விதித்தார். மேல்முறையீட்டில் அது குறைந்தது. கோயம்புத்தூர்ச் சிறையில் அவர் செக்கிழுத்தார். பிறகு கண்ணூர்ச் சிறைக்கு மாற்றப்பட்டார். 1912 டிசம்பரில்தான் விடுதலை. அவர் இழுத்த செக்கை நாம் இன்றும் பார்க்கப் போகிறோம். அதைப் பார்க்க வேண்டியதுதான். ஆனால் நான்கே முக்கால் வருடம் வெளியே இருந்து மீனாட்சி அம்மாள் இழுத்த செக்கு எது? வக்கீல் தொழில் செய்த கணவர் திடீரென்று இல்லை. கப்பல் கம்பெனி முடிந்துபோனது. கைக்குழந்தைகள் இருக்கிறார்கள். தண்டனைச் செய்தி கேட்டு வ.உ.சி.யின் தம்பி மனநிலை பாதிக்கப்பட்டார் என்பதும் பதிவில் இருக்கிறது. அந்த வீட்டில் அடுப்பெரிந்தது எப்படி? வ.உ.சி. செய்யுளில் சுயசரிதை எழுதினார். மீனாட்சி அம்மாளை யாரும் எழுதச் சொன்னதாகத் தெரியவில்லை.

சிறைக்குப் போய்வந்த குடும்பங்களில் 'மனு' என்று ஒரு சொல் புழங்கும். கைதியைப் பார்க்க எழுதிக் கொடுப்பது மனு. பார்ப்பதற்கும் அதே பெயர்தான். "நாளைக்கு மனு பார்க்கப் போகணும்" என்பார்கள். ஒரு நாள் கூலி போகும். பஸ் காசு வேண்டும். ஆதார் அட்டை, பிஸ்கட் பாக்கெட், பழம், துவைத்து மடித்த உள்ளாடை என்று ஒரு பை தயாராகும். எந்த ஊர்ச் சிறை வாசலிலும் போய்ப் பாருங்கள், அந்தப் பையோடு நிற்பவர்களில் பெரும்பாலோர் பெண்கள். தாய், மனைவி, அக்கா, சில நேரம் பாட்டி. தண்டனை ஒருவருக்கு என்று தீர்ப்பில் இருக்கும். அதை நடைமுறையில் சுமப்பவர்கள் இரண்டு மூன்று பேர். அவர்களுக்கு எந்தத் தீர்ப்பும் எழுதப்படுவதில்லை. விடுதலைத் தேதியும் கிடையாது.

இந்த இரண்டு வேலையும், அதாவது உள்ளே அடைபடுவதும் வெளியே நிற்பதும், ஒரே நேரத்தில் பெண்களின் தலையில் விழுந்தது 1999இல்.

மாஞ்சோலை மலை சிங்கம்பட்டி ஜமீனுக்குச் சொந்தமாக இருந்தது. 1929இல் அதில் எட்டாயிரத்துச் சொச்சம் ஏக்கரை 99 வருடக் குத்தகைக்கு பாம்பே பர்மா கம்பெனி எடுத்தது. மாஞ்சோலை, காக்காச்சி, நாலுமுக்கு, ஊத்து, குதிரைவெட்டி ஆகிய எஸ்டேட்டுகளில் தலைமுறைகளாக உழைத்தவர்களில் மிகப் பெரும்பாலோர் தலித்துகள். தேயிலைத் தோட்டம் எங்கே இருந்தாலும் கொழுந்து பறிப்பது பெரும்பாலும் பெண்களின் வேலை. கூலி உயர்வு கேட்டுப் போராடிய தொழிலாளர்கள் 1999 ஜூனில் மலையிறங்கி வந்து மறியல் செய்தார்கள். 652 பேர் கைதாகி திருச்சி சிறைக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். அவர்களில் 198 பேர் பெண்கள்.

அந்த 198 என்ற எண்ணில் கொஞ்சம் நில்லுங்கள். மணிமுத்தாறு அணைக்கு மேலே உள்ள மலையிலிருந்து திருச்சி எவ்வளவு தூரம்! வழக்கமாக ஆண் உள்ளே போனால் பெண் பையைத் தூக்கிக்கொண்டு மனு பார்க்கப் போவாள். பெண்ணும் சேர்ந்து உள்ளே போனால் லயன் வீட்டில் யார் இருப்பது? பிள்ளையை யார் பள்ளிக்கூடத்துக்கு அனுப்புவது? வாரக்கணக்கில் சிறையில் இருந்த அந்தப் பெண்கள் திருடியோ அடித்தோ உள்ளே போகவில்லை. கூலி கேட்டார்கள். சுதந்திரப் போராட்டத்தில் பெண்கள் சிறை சென்றதைப் பெருமையாகப் பாடம் நடத்துகிறோம். தமிழ்நாட்டில் கூலிக்காக இத்தனை பெண்கள் ஒருசேரச் சிறை சென்றதை எந்தப் பாடப்புத்தகத்திலும் நான் பார்த்ததில்லை.

அவர்களை விடுதலை செ்யக் கோரியும் கூலிப் பிரச்சினையைத் தீர்க்கச் சொல்லியும் 1999 ஜூலை 23 அன்று திருநெல்வேலியில் ஊர்வலம் நடந்தது. புதிய தமிழகம், தமிழ் மாநில காங்கிரஸ், இடதுசாரிக் கட்சியினர் அதில் இருந்தார்கள். கொக்கிரகுளத்தில் ஆற்றங்கரையை ஒட்டியிருக்கும் கலெக்டர் அலுவலகத்தில் மனுக் கொடுப்பதுதான் நோக்கம். சிறை வாசலில் கொடுப்பதும் மனு, கலெக்டரிடம் கொடுப்பதும் மனு. அந்த மனு கொடுக்கப்படவே இல்லை. வழியில் தடுத்தார்கள், தடியடி நடந்தது. ஒரு பக்கம் போலீஸ், மறுபக்கம் ஆறு. கூட்டம் ஆற்றில் இறங்கியது. தண்ணீருக்குள் இறங்கியவர்களையும் தடிகள் விடவில்லை. 17 பேர் இறந்தார்கள். அவர்களில் இரண்டு பேர் பெண்கள். ஒன்று கைக்குழந்தை.

நீதிபதி மோகன் ஆணையம் விசாரித்தது. பெரும்பாலோர் நீரில் மூழ்கி இறந்தார்கள் என்றது, போலீஸ் நடவடிக்கையைக் குறை சொல்லவில்லை. தாமிரபரணிக் கரையில் பிறந்து வளர்ந்தவர்களுக்கு அந்த இடத்தில் ஆறு எவ்வளவு ஆழம் என்று தெரியும். ஆர்.ஆர்.சீனிவாசன் எடுத்த 'நதியின் மரணம்' ஆவணப்படத்தை மாணவிகளுக்குப் போட்டுக் காட்டும்போது நான் பேசுவதில்லை. படம் முடிந்ததும் யாராவது ஒருத்தி அந்தக் குழந்தையைப் பற்றிக் கேட்பாள். கைதியை மீட்கப் போகும் பெண் பிள்ளையை எங்கே விட்டுவிட்டுப் போவாள்? தூக்கிக்கொண்டுதான் போவாள். ஊர்வலத்தில் பிள்ளையை ஏன் கொண்டுவந்தார்கள் என்று அன்று கேட்டவர்கள் இந்தக் கேள்வியைக் கேட்டுக்கொள்ளவில்லை.

உள்ளே இருக்கும் பெண்கள் கலகம் செய்வதில்லை என்ற எண்ணமும் தவறு. 1974இல், அட்டிகாவுக்கு மூன்று வருடம் கழித்து, அதே நியூயார்க் மாநிலத்தின் பெட்ஃபோர்டு ஹில்ஸ் பெண்கள் சிறையில் சுமார் 200 பேர் எழுந்தார்கள். கரோல் குரூக்ஸ் என்ற சக கைதியைக் காவலர்கள் அடித்துத் தனியறையில் அடைத்ததுதான் காரணம். அட்டிகா பற்றிப் புத்தகங்களும் படங்களும் குவிந்திருக்கின்றன. பெட்ஃபோர்டு ஹில்ஸ் பெயரைக் கேட்டவர்களே குறைவு. 2017 ஜூனில் மும்பை பைகுல்லா பெண்கள் சிறையில் முட்டையும் பாவும் குறைந்ததைக் கேட்ட ஒரு கைதி அடிபட்டு இறந்தார். சக கைதிகள் கூரைமேல் ஏறிக் கத்தினார்கள். 200க்கும் மேற்பட்ட பெண்கள் மீது கலக வழக்குப் போடப்பட்டது. கொலை வழக்கில் கைதான சிறை ஊழியர்களும் பெண்கள்தான் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். காவலுக்குப் பெண்ணை வைத்தால் சிறை மென்மையாகிவிடும் என்ற நம்பிக்கையை அந்தச் சாவு கேள்வி கேட்டது.

இன்னொரு மதிலும் இருக்கிறது. பாளையங்கோட்டை மத்திய சிறையில் கைதிகளைச் சாதிவாரியாகத் தனித்தனிப் பகுதிகளில் வைத்திருந்தார்கள். மோதலைத் தடுக்க என்று காரணம் சொல்லப்பட்டது. சென்னை உயர் நீதிமன்றமும் அந்தக் காரணத்தை ஒருமுறை ஏற்றுக்கொண்டது. சுகன்யா சாந்தா என்ற பெண் பத்திரிகையாளர், பல மாநிலச் சிறைகளில் சாதி எப்படிச் சட்டமாகவே எழுதப்பட்டிருக்கிறது என்று வெளிக்கொண்டு வந்தார். யார் சமைப்பது, யார் கக்கூஸ் கழுவுவது என்பதுகூடப் பிறப்பால் முடிவாகியிருந்தது. அவர் தொடுத்த வழக்கில் 2024 அக்டோபர் 3 அன்று உச்ச நீதிமன்றம் அந்த விதிகளை ரத்து செய்தது. சிறைப் பதிவேட்டில் சாதிக்கான இடத்தையே நீக்கச் சொன்னது. பாளையங்கோட்டையும் அந்தத் தீர்ப்பில் குறிப்பிடப்பட்டிருக்கிறது. இந்தப் பள்ளத்தாக்கில் ஊர், தெரு, சுடுகாடு எல்லாம் எப்படிப் பிரிந்திருக்கிறதோ அப்படியே சிறையும் பிரிந்திருந்தது. அதை அசைத்த முயற்சியும் வெளியே இருந்த ஒருவரிடமிருந்துதான் வந்தது.

மாஞ்சோலையில் 2024 ஜூனோடு வேலை நின்றுபோனது. குத்தகை முடிய இன்னும் நான்கு வருடம் இருந்தது. திருச்சி சிறையிலிருந்து திரும்பி வந்து மறுபடி கூடையை மாட்டிக்கொண்ட பெண்களுக்கு இப்போது அறுபது, எழுபது வயது இருக்கும். அவர்களுடைய சிறை நாட்களை இதுவரை யாரும் ஒழுங்காகக் கேட்டு எழுதவில்லை என்றால், அது வரலாறு படித்த என்னைப் போன்றவர்களின் குற்றம்.

கேள்வி கேட்ட மாணவியிடம் இதையெல்லாம் சொன்னேன். அவள் அம்பாசமுத்திரம் பக்கம். "எங்க ஆச்சிக்கு மாஞ்சோலைல சொந்தக்காரங்க இருக்காங்க மேம். கேட்டா சொல்லுவாங்க" என்றாள். வாய்மொழி வரலாறு என்ற தாளுக்கு அதையே திட்டக்கட்டுரையாக எடுத்துக்கொள்ளச் சொன்னேன். போன மாதம் முதல் நேர்காணலை எழுதிக் கொண்டுவந்தாள். உள்ளே என்ன சாப்பிட்டார்கள், யார் பாடினார்கள், இரவில் எந்தப் பிள்ளையை நினைத்து யார் அழுதார்கள் என்று பதினொரு பக்கம். கரும்பலகையில் எழுத ஒரு பெயர் கிடைத்திருக்கிறது. அந்த அம்மாவிடம் கேட்டுவிட்டுத்தான் எழுதுவேன்.