தொட்டியில் பிறக்கும் சால்மன்... ஆற்றைக் காப்பாற்றுகிறதா, கெடுக்கிறதா? குஞ்சு பொரிப்பகங்கள் பற்றிய முழு விளக்கம்

1992-ம் ஆண்டு அமெரிக்காவின் ஐடஹோ மாநிலத்தில் உள்ள ரெட்ஃபிஷ் ஏரிக்கு, கடலில் இருந்து ஒரே ஒரு சாக்-ஐ சால்மன் மீன்தான் வந்து சேர்ந்தது. சுமார் 1,450 கி.மீ. தூரம், வழியில் 8 அணைகள். அத்தனையும் தாண்டி வந்த அந்த ஆண் மீனுக்கு ஜோடி சேர ஒரு பெண் மீன்கூட இல்லை. 'தனிமை லாரி' என்று பெயர் வைத்தார்கள். ஒரு காலத்தில் சிவந்த மீன்கள் கூட்டம் கூட்டமாக வந்ததால்தான் அந்த ஏரிக்கே அந்தப் பெயர்!

லாரியின் விந்தை உறைய வைத்துச் சேமித்து, பொரிப்பகத்தில் அந்த இனத்தைப் பெருக்கினார்கள். 2014-ல் 1,500-க்கும் மேற்பட்ட மீன்கள் திரும்பி வந்தன. அடுத்த வருடமே கோடையில் ஆற்று நீர் சூடாகி, பெரும்பாலானவை வழியிலேயே செத்தது தனி சோகம்.

பொரிப்பகம் ஏன் வந்தது?

சால்மன் ஆற்றில் பிறந்து, கடலில் வளர்ந்து, முட்டையிட பிறந்த ஆற்றுக்கே திரும்பும். பசிபிக் சால்மன்கள் முட்டையிட்டதும் இறந்துவிடும். ஸ்டீல்ஹெட் கொஞ்சம் வேறு. கடலுக்குப் போய் வரும் ரெயின்போ ட்ரவுட்தான் அது, பிழைத்தால் மறுபடியும் முட்டையிட வரும். (நீலகிரி அவலாஞ்சியில் 1907-ல் தொடங்கிய ட்ரவுட் பொரிப்பகம் கேள்விப்பட்டிருக்கிறீர்களா? இதோட சொந்தக்காரர்கள்தான் அங்கே இருப்பதும்.)

பசிபிக் கரையில் முதல் பொரிப்பகம் 1872-ல் கலிபோர்னியாவின் மெக்லவுட் ஆற்றில் வந்தது. பிறகு அணைகளின் காலம். கொலம்பியா ஆற்றில் 1942-ல் முடிந்த கிராண்ட் கூலி அணையில் மீன் ஏறிப்போக வழியே வைக்கவில்லை. மேலே இருந்த ஆறு மொத்தமும் சால்மனுக்கு அடைபட்டது. அந்த இழப்புக்கு ஈடாகச் சொல்லப்பட்டதுதான் பொரிப்பகம்.

வேலை இப்படித்தான்: திரும்பி வரும் சால்மனின் வயிற்றைக் கீறி முட்டை எடுத்து, ஆண் மீனின் விந்தைக் கலந்து, குளிர்ந்த நீர் ஓடும் தட்டுகளில் பொரிக்க வைப்பார்கள். குஞ்சுகள் நீளமான தொட்டிகளில் தீவனம் தின்று வளரும். கடலுக்குப் போகும் பருவத்தில் திறந்துவிடுவார்கள். அந்தத் தண்ணீரின் வாசனை நினைவில் பதிந்துவிடுவதால், வளர்ந்ததும் அங்கேயே திரும்பும்.

துடுப்பைப் பார், அப்புறம் முடிவு பண்ணு

முதுகில் வாலுக்குச் சற்று முன்னால் ஒரு சின்ன சதைத் துடுப்பு இருக்கும். பொரிப்பகக் குஞ்சுகள் பெரும்பாலானவற்றுக்கு அதை வெட்டிவிட்டுத்தான் விடுவார்கள். வாஷிங்டன், ஓரிகான் மாநிலங்களின் பல ஆறுகளில் துடுப்பு வெட்டிய ஸ்டீல்ஹெட் கிடைத்தால் வீட்டுக்கு எடுத்துப் போகலாம். துடுப்பு முழுசா இருந்தால் அது காட்டு மீன், உடனே தண்ணீரில் விட்டாக வேண்டும். அதாவது, அங்கே தூண்டில்காரர் சமைத்துச் சாப்பிடும் ஸ்டீல்ஹெட் பெரும்பாலும் தொட்டியில் பிறந்ததுதான்.

அப்போ என்ன பிரச்சினை?

தொட்டியில் இரை மேலிருந்து விழும், துரத்த எதிரி கிடையாது. அங்கே பிழைக்கத் தெரிந்த மீனுக்கு ஆற்றில் பிழைக்கத் தெரியாது. ஓரிகானின் ஹுட் ஆற்று ஸ்டீல்ஹெட்களை ஆராய்ந்து 2007-ல் வெளியான ஆய்வு, பொரிப்பகத்தில் கழியும் ஒவ்வொரு தலைமுறைக்கும் ஆற்றில் சந்ததி உண்டாக்கும் திறன் சுமார் 40% சரிவதாகச் சொன்னது. இவை காட்டு மீன்களோடு கலந்தால் அந்தப் பலவீனமும் கலக்கும். இன்னொரு ஆபத்தும் உண்டு: அணையில் எண்ணிக்கை நன்றாகத் தெரிவதால், ஆறு நலமாக இருப்பதாக நாம் நினைத்துக்கொள்வோம்.

அப்படின்னா மூடிவிடலாமே? அது அவ்வளவு சுலபமில்லை. 1850-களின் ஒப்பந்தங்களில் நிலத்தை விட்டுக்கொடுத்த பூர்வகுடிகள், மீன் பிடிக்கும் உரிமையைத் தங்களிடமே வைத்துக்கொண்டார்கள். பிடிக்கக்கூடிய மீனில் பாதிவரை அவர்களுக்கு உரிமை உண்டு என்று வாஷிங்டன் மாநில வழக்கில் நீதிபதி போல்ட் 1974-ல் தீர்ப்பளித்தார். மீனே இல்லாத ஆற்றில் பாதி என்பதற்கு என்ன மதிப்பு? ஸ்நேக் ஆற்றில் 1980-களில் அற்றுப்போன கோஹோ சால்மனை, குஞ்சுகளை விட்டு மீட்டது நெஸ் பெர்ஸ் பழங்குடியினர்தான். அவர்களிடம் போய் 'பொரிப்பகம் தப்பு' என்று சொல்ல முடியாது.

கிளாமத் ஆற்றில் 2024-ல் 4 அணைகளை இடித்து முடித்தார்கள். அந்த இலையுதிர் காலத்திலேயே சினூக் சால்மன்கள், நூறு வருடங்களுக்கும் மேலாக எட்ட முடியாத இடங்களுக்கு ஏறிப் போயின. ஆனாலும் அங்கே ஃபால் கிரீக் பொரிப்பகத்தைப் புதிதாகக் கட்டியிருக்கிறார்கள். அணை போனதும் மீன் ஒரே நாளில் பெருகிவிடாது என்பதால், ஆரம்ப வருடங்களில் குஞ்சுகளை விட்டு உதவுவதுதான் திட்டம்.