நெடுங்காட்டிலிருந்து தீபங்குடி வரை: ஓர் அரைநாள் யாத்திரை

காரைக்கால் நகருக்கு வடமேற்கே, வயல்களுக்கு நடுவே அமைந்த ஊர் நெடுங்காடு. 1739ஆம் ஆண்டில் பிரெஞ்சுக்காரர் கைக்குச் சென்ற காரைக்கால் பகுதி, 1954 நவம்பர் 1ஆம் நாள் இந்திய ஆட்சியின்கீழ் வந்தது. இன்று அது புதுச்சேரி ஒன்றியப் பகுதியைச் சேர்ந்த ஒரு மாவட்டம். ஆட்சியின் எல்லைகள் பலமுறை மாறினும் இம்மண் சோழநாட்டின் மண்ணே. அரசலாறு பாய்ந்து கடலோடு கலக்கும் கடைமடை நிலமே. நெடுங்காட்டில் விடியற்காலையில் புறப்படும் குடும்பத்தினர் திருநள்ளாறு, திருவாரூர், தீபங்குடி ஆகிய மூன்று ஊர்களையும் ஓர் அரைநாளில் கண்டு, பொழுது சாய்வதற்குள் உணவருந்தும் நியமத்திற்கும் குறைவின்றி வீடு திரும்பலாம்.

இம்மூன்றனுள் ஜினாலயம் உள்ள ஊர் தீபங்குடி ஒன்றே. மற்றவை இரண்டும் புகழ்பெற்ற சைவத் தலங்கள். ஆயினும் காவிரி நாட்டில் சமணம் வாழ்ந்த வரலாற்றை அறிய விரும்புவோர் மூன்றையும் இவ்வரிசையிலேயே காண்பது நன்று. மேல்சித்தாமூர், திருமலை, திருநறுங்கொண்டை முதலிய வடபகுதித் தலங்களைத் தமிழ்ச் சமணக் குடும்பங்கள் தலைமுறை தலைமுறையாகத் தரிசித்து வருகின்றன. சோழநாட்டுப் பகுதியை அறிந்தோர் அவ்வளவு மிகுதியாக இல்லை. அதனால் இப்பகுதியின் சமண வரலாறு, பெரும்பாலும் பிறர் கூறும் கதைகளின் வாயிலாகவே நம் பிள்ளைகளின் செவியை எட்டுகிறது. அக்கதைகளில் சமணர் எப்போதும் தோற்பவராகவும் தீயவராகவுமே வருகின்றனர். அவற்றைக் கேட்கும் பிள்ளைக்குப் பெற்றோர் என்ன விடை கூறுவது என்பதே இப்பயணத்தின் முதற் பயன்.

திருநள்ளாறு

நெடுங்காட்டிற்கு அருகிலுள்ள திருநள்ளாறு தர்ப்பாரணியேசுவரர் கோயில், இன்று சனி பகவான் சன்னிதியால் நாடெங்கும் அறியப்படுகிறது. சைவ மரபிலோ இவ்வூருக்கு வேறொரு பெருமை உண்டு. ஏழாம் நூற்றாண்டில் மதுரையில் திருஞானசம்பந்தருக்கும் சமணருக்கும் நிகழ்ந்ததாகக் கூறப்படும் அனல்வாதத்தில், சம்பந்தர் தீயிலிட்ட ஏடு இத்தலத்தைப் பாடிய பதிகமே என்றும், அது எரியாமல் பசுமையாகவே இருந்தது என்றும் பெரிய புராணம் கூறுகிறது. அதனால் அப்பாடல் பச்சைப் பதிகம் எனப் பெயர் பெற்றது. வாதத்தில் தோற்ற சமணர் எண்ணாயிரவர் கழுவேறினர் என்பதும் அப்புராணம் கூறும் செய்தியே.

இங்கு மூன்று செய்திகளை நினைவிற்கொள்ள வேண்டும். முதலாவது, பெரிய புராணம் பன்னிரண்டாம் நூற்றாண்டு நூல். கதை நிகழ்ந்ததாகக் கூறப்படும் காலத்திற்கு ஏறத்தாழ ஐந்நூறு ஆண்டுகள் பிற்பட்டது. இரண்டாவது, சமணம் அந்நாளோடு பாண்டிநாட்டில் மறைந்துவிடவில்லை. கழுகுமலைப் பாறையில் தீர்த்தங்கரர் திருவுருவங்கள் வரிசை வரிசையாகச் செதுக்கப்பட்டது அதற்குப் பிந்திய காலத்தில்தான். ஒன்பதாம் நூற்றாண்டில் சீமாறன் சீவல்லபன் ஆட்சியில், மதுரை ஆசிரியன் இளங்கௌதமன் சித்தன்னவாசல் குகைக்கோயிலைப் புதுப்பித்து முகமண்டபம் எடுப்பித்தான் என்பதற்குக் கல்வெட்டே சான்று. மதுரையைச் சூழ்ந்த குன்றுகளில் அச்சணந்தி முனிவர் திருவுருவங்களைச் செய்வித்ததும் வாதத்திற்குப் பிற்பட்ட நூற்றாண்டுகளில்தான். மூன்றாவது, சம்பந்தர் தம் பதிகங்களில் பெரும்பாலும் பத்தாம் பாடலில் சமணரையும் பௌத்தரையும் பழித்துரைக்கிறார். ஊர்தோறும் பாடிய பாடல்களில் மீண்டும் மீண்டும் பழிக்கப்பட வேண்டுமாயின், அவர்கள் நாடெங்கும் பரவியும் மதிக்கப்பட்டும் வாழ்ந்திருத்தல் வேண்டும். பழிச்சொல்லும் ஒருவகையில் வரலாற்றுச் சான்றாகிறது.

இவ்வூரில் நினைக்கத்தக்க மற்றொரு செய்தி நளன் கதை. நளனைப் பற்றிய சனி இத்தலத்தில் அவனை விட்டு நீங்கினான் என்பது தலபுராணம். நளன் வரலாறு சமண நூல்களிலும் உண்டு. பன்னிரண்டாம் நூற்றாண்டில் குஜராத்தில் வாழ்ந்த ஹேமசந்திராசாரியார், திரிசஷ்டி சலாகா புருஷ சரித்திரத்தில் நேமிநாத சுவாமியின் வரலாற்றினிடையே இதனை விரித்துரைக்கிறார். அதில் தமயந்தியின் பெயர் தவதந்தி. கணவனைப் பிரிந்த அவள் மலைக்குகையில் சாந்திநாதர் திருவுருவம் அமைத்து வழிபட்டுத் துயரை ஆற்றிக்கொள்கிறாள். அத்துயருக்குக் காரணம் வெளியிலிருந்து வந்து பற்றிய ஒருவன் அல்லன். முற்பிறவியில் அரசனும் அரசியுமாக இருந்த அவ்விருவரும், வழிச்சென்ற முனிவர் ஒருவரைப் பன்னிரண்டு நாழிகை தடுத்து வைத்த வினையே பன்னிரண்டு ஆண்டுப் பிரிவாக வந்து பலித்தது என்கிறது அந்நூல். பிறர் நம்பிக்கையைக் குறைகூறாமலே, வினைக்கொள்கையைப் பிள்ளைகளுக்கு விளக்க இதனினும் எளிய கதை அரிது.

திருவாரூர்

பேரளம், நன்னிலம் வழியே தெற்கு நோக்கிச் சென்றால் திருவாரூர். கோயில் ஐந்து வேலி, குளம் ஐந்து வேலி, செங்கழுநீர் ஓடை ஐந்து வேலி என்று இவ்வூரின் பரப்பைச் சொல்வது வழக்கம். கடல்போல் விரிந்த கமலாலயக் குளக்கரையில் நிற்போர் தண்டியடிகள் வரலாற்றைக் கேட்காமல் திரும்புவதில்லை. பிறவியிலேயே கண்ணொளி இழந்த அவ்வடியார், கயிறு கட்டித் தடவிச் சென்று குளத்தை ஆழப்படுத்தினார். அதனைச் சமணர் தடுத்தனர். இறைவனருளால் அடியார் கண்பெற, சமணர் கண்ணிழந்தனர். சோழ மன்னன் அவர்களை ஊரைவிட்டு அகற்றி, பள்ளிகளை இடித்துக் குளத்தின் கரையை விரிவுபடுத்தினான் என்று சேக்கிழார் கூறுகிறார்.

இக்கதையைச் சினமின்றிப் படித்தால் இரண்டு உண்மைகள் தெளிவாகும். குளக்கரையில் சமணர் குடியிருப்பும் பள்ளியும் இருந்தன என்பது ஒன்று. திருவாரூரின் நடுவே, திருக்கோயிலுக்கு எதிரே சமணர் வாழ்ந்தனர் என்பதற்கு, அவர்களை விரும்பாத மரபே சாட்சி கூறுகிறது. மற்றொன்று, குளம் வெட்டுவதைச் சமணர் தடுத்ததற்குக் கூறப்படும் காரணம். மண்ணைத் தோண்டினால் அதனுள் வாழும் சிற்றுயிர்கள் மாளும் என்றே அவர்கள் சொன்னதாகக் கதை கூறுகிறது. பகைவராகப் படைக்கப்பட்ட நிலையிலும் அவர்கள் வாயில் அஹிம்சையன்றி வேறு சொல் வைக்கப்படவில்லை. ஓருயிரையும் துன்புறுத்தலாகாது என்பது மகாவிரதம் பூண்ட முனிவர்க்குரிய நெறி. உழுதும் குளம் வெட்டியும் வாழும் இல்லறத்தாருக்கு அணுவிரதமே விதிக்கப்பட்டது என்பதையும், தமிழ்ச் சமணரில் மிகப் பலர் உழவரே என்பதையும் இவ்விடத்தில் பிள்ளைகளுக்கு எடுத்துக்கூறலாம்.

கோயிலின் அருகே கல்தேர் ஒன்று உண்டு. கன்றின்மீது தேரோட்டிய தன் மகனைத் தேர்க்காலிலிட்ட மனுநீதிச் சோழன் வரலாற்றை அது காட்டுகிறது. அதே வரலாற்றைத்தான் சமண முனிவர் இளங்கோவடிகள் இயற்றியதாகப் போற்றப்படும் சிலப்பதிகாரத்தில், பாண்டியன் அவையில் கண்ணகி எடுத்துரைக்கிறாள். ஒரு கன்றின் உயிரும் அரசகுமாரன் உயிரும் நிகர் என்னும் அறத்தில் இருமரபும் ஒன்றுபடுகின்றன. திருவாரூரில் பிரிவை மட்டும் கண்டு திரும்புதல் பாதியைக் காண்பதேயாகும்.

தீபங்குடி

திருவாரூரிலிருந்து குடவாசல் செல்லும் திசையில், வயல்களுக்கிடையே உள்ள சிற்றூர் தீபங்குடி. இங்கு எழுந்தருளியிருப்பவர் தீபநாயகர் எனப் போற்றப்படும் பகவான் ஆதிநாதர். அவருடைய இலாஞ்சனம் காளை. காலைமுதல் இரண்டு சிவாலயங்களில் நந்தியைக் கண்டுவந்த பிள்ளைகள், இங்குக் காளை எப்பொருள் குறித்தது எனத் தாமே வினவுவர். முதல் தீர்த்தங்கரரின் வரலாற்றைத் தொடங்க அவ்வினாவே போதும். உழவும் எழுத்தும் கணக்கும் மாந்தர்க்குக் கற்பித்தவர் ஆதிபகவன் என்பது நம் மரபு.

கலிங்கத்துப்பரணி பாடிய சயங்கொண்டார் இவ்வூரினர் என்று வழங்கும் செய்தி தீபங்குடிக்குத் தனிச்சிறப்பு. முதற் குலோத்துங்கன் அவையில் விளங்கிய அப்புலவரின் சமயம் எது என்பதில் அறிஞரிடையே கருத்து வேறுபாடு உண்டு. சோழர் காலத்தில் சமணம் ஒடுங்கிக் கிடக்கவில்லை என்பதில் ஐயமில்லை. முதலாம் இராசராசனின் தமக்கை குந்தவையார் பெயரால் போளூர் அருகே திருமலையிலும், திண்டிவனம் பகுதியில் தாதாபுரத்திலும் குந்தவை ஜினாலயங்கள் அமைந்தன. தீபங்குடியோடு கரந்தை ஆதிநாதர், கும்பகோணம் சந்திரப்பிரபர், மன்னார்குடி மல்லிநாதர் ஆலயங்களும் சோழநாட்டில் இன்றும் வழிபாட்டில் உள்ளன.

இவ்வாலயங்களைச் சூழ்ந்து வாழ்ந்த சிராவகர்களுக்குத் தமிழுலகம் பெரிதும் கடன்பட்டிருக்கிறது. கும்பகோணம் கல்லூரியில் ஆசிரியராக இருந்த உ.வே.சாமிநாதையர், சீவகசிந்தாமணியின் பொருள் விளங்காமல் அவ்வூர்ச் சமணரை நாடிச் சென்றார். சென்ற வீட்டு வாயிலில் மாவிலைத் தோரணம் கட்டியிருந்தது. விசேஷம் என்ன என்று வினவியவருக்கு, ஆறு மாதமாகப் படித்துவந்த சிந்தாமணி அன்று நிறைவுற்றது என்னும் விடை கிடைத்தது. அச்சிடப்படாத காப்பியத்தை வீட்டில் முறையாகப் படித்து, முடிவைத் திருநாளாகக் கொண்டாடிய குடும்பங்கள் அவை. அங்குப் பெற்ற விளக்கங்களின் துணையோடு 1887ஆம் ஆண்டில் சிந்தாமணிப் பதிப்பு வெளிவந்தது. அரசர் ஆதரவு நீங்கிய பின்னும் நூலைக் காத்தது இல்லறத்தாரின் வாசிப்பேயாகும்.

ஆலயங்களையும் அவர்களே காத்தனர். இன்று தமிழ்ச் சமணர் மிகுதியாக வாழ்வது திருவண்ணாமலை, விழுப்புரம், காஞ்சிபுரம் முதலிய மாவட்டங்களில். சோழநாட்டு ஆலயங்களுக்கு அருகில் வாழ்வோர் மிகச் சிலரே. அவர்கள் தோளில் நிற்கும் நித்திய பூசைக்கு, தொலைவிலிருந்து வரும் குடும்பங்களின் தரிசனமும் சிறு காணிக்கையுமே பெருந்துணை. செல்வோர், ஆலயத்தார்க்கு முன்கூட்டியே தெரிவித்துவிடுதல் நலம். சிற்றூர் ஆலயங்கள் நாள் முழுதும் திறந்திருப்பதில்லை. ஆதலின் முற்பகலுக்குள் தீபங்குடி சேரும்படி நேரத்தை வகுத்துக்கொள்ளலாம். அபிடேகத்திற்கும் விளக்கிற்கும் வேண்டுவனவற்றை உடன்கொண்டு செல்லலாம். பிள்ளைகளுள் ஒருவரையேனும் சிந்தாமணியிலிருந்தோ நாலடியாரிலிருந்தோ சில பாடல்களைச் சன்னிதியில் படிக்கச் செய்யலாம்.

மகாவீர பகவான் முக்தியடைந்த நாளைத் தீபங்கள் ஏற்றிக் கொண்டாடும் நமக்கு, தீபத்தின் பெயராலேயே ஓர் ஊர் சோழநாட்டில் இருக்கிறது. விடுமுறை நாள்களில் காரைக்கால் கடற்கரைக்கும் திருநள்ளாற்றுக்கும் வரும் குடும்பங்கள், மேலும் சில மணி நேரம் ஒதுக்கினால் அவ்வூரைக் கண்டு திரும்பலாம்.