அத்தாங் டி லா ராமா

அத்தாங் டி லா ராமா (1902–1991) பிலிப்பைன்ஸின் மேடைப் பாடகி, நடிகை. இயற்பெயர் ஒனோராத்தா. பிலிப்பினோ ஒருவரே தயாரித்து இயக்கிய முதல் கதைப்படத்தின் நாயகி என்பதால் அந்நாட்டுத் திரை வரலாறு இவர் பெயரில் தொடங்குகிறது.

மணிலாவின் பண்டாக்கன் பகுதியில் ஜனவரி 11 அன்று பிறந்தார். ஏழு வயதிலேயே ஸ்பானிய சர்சுவேலாக்களில் மேடையேறினார். வசனமும் பாட்டும் கலந்த இந்த இசை நாடகம் ஸ்பானியர் வழியாக வந்து, அமெரிக்க ஆட்சிக்காலத்தில் தகாலோக் மொழியில் தழைத்தது. எர்மோஹெனெஸ் இலகான் எழுதி, லியோன் இக்னாசியோ இசையமைத்த ‘தலகாங் புகிட்’ (நாட்டுப்புறப் பெண்) அதில் பெரும்புகழ் பெற்றது. பூ விற்கும் ஆங்ஹெலிட்டா சட்டம் படிக்கும் இளைஞனை விரும்புகிறாள். பெற்றோரோ பணக்காரக் கிழவர் ஒருவருக்கு அவளைக் கட்டிவைக்கப் பார்க்கிறார்கள். பதினைந்து வயதில் அந்த வேடமேற்ற அத்தாங், ‘நபாசாக் ஆங் பங்ஙா’ என்ற பாட்டால் ஊரறிந்தவரானார்.

பிலிப்பினோ இயக்குநர் ஹோசே நெபோமுசேனோ அந்நாடகத்தைப் படமாக்கி 1919 செப்டம்பர் 12-இல் வெளியிட்டார். அது ஊமைப்படம். நாடகத்துக்குக் கூட்டம் சேர்த்ததோ நாயகியின் குரல். அதனால் படம் ஓடும்போது அத்தாங் அரங்கிலேயே நின்று, வாத்தியக்காரர்கள் துணையுடன் அந்தப் பாட்டைப் பாடினார். திரையில் வாயசைவு, பக்கத்தில் அதே ஆளின் குரல்: பேசும்படம் வருவதற்கு முன்பே ரசிகர்களுக்குப் பாட்டுப் படம் கிடைத்துவிட்டது! அமெரிக்கர்கள் 1912-லேயே தேசிய வீரர் ரிசாலைப் பற்றி மணிலாவில் படமெடுத்திருந்தனர். ஆகவே அத்தாங்குக்குத் தரப்படும் ‘முதல் நடிகை’ என்ற பட்டத்தைச் சற்றே வரையறுத்துத்தான் சொல்ல வேண்டும். ‘தலகாங் புகிட்’ படத்தின் பிரதி இன்று இல்லை.

படங்களில் நடித்தாலும் அத்தாங் மேடையை விடவில்லை. 1922-இல் மருந்தியல் பட்டம் பெற்றார். பிழைப்பு என்னவோ பாட்டுதான். பெரிய அரங்குகளில் மட்டுமல்ல, ஊர்ச் சதுக்கங்களிலும் சேவற்சண்டைக் களங்களிலும் பாடினார். உருக்கமான காதல் பாடல் வகையான குண்டிமானுக்கும் சர்சுவேலாவுக்கும் அரசி எனப் போற்றப்பட்டார். அமெரிக்க பாணி ‘போடாபில்’ கேளிக்கைகளும் சினிமாவும் சர்சுவேலாவின் கூட்டத்தை இழுத்துக்கொண்ட காலத்தில் அதைக் கைவிடாமல் காத்தவர்களில் இவர் முதன்மையானவர். ஹவாய், ஹாங்காங், ஷாங்காய், டோக்கியோ வரை அவரது பாட்டு போனது.

கணவர் அமாடோ எர்னாண்டஸ் கவிஞர், தொழிற்சங்கத் தலைவர். கிளர்ச்சிக் குற்றச்சாட்டில் 1951 முதல் 1956 வரை சிறையில் இருந்தார். 1964-இல் உச்ச நீதிமன்றம் அவரைக் குற்றச்சாட்டிலிருந்து விடுவித்தது. மறைவுக்குப் பின் 1973-இல் இலக்கியத்துக்கான தேசியக் கலைஞர் விருது அவருக்கு வழங்கப்பட்டது.

அத்தாங்குக்குத் தேசியக் கலைஞர் விருது 1987-இல் கிடைத்தது. 1991 ஜூலை 11-இல் காலமானார். அவருக்கு விருது தந்தது நாடகத்துக்கும் இசைக்கும், திரைப்படத்துக்கு அன்று. அது சரியான கணிப்பே.