ஒரு காது அடுப்படிக்கு

கீழக்கரைப் பக்கம் வீடியோ கேம் பெட்டி வளைகுடாவிலிருந்து ஊர் திரும்பும் மாமாவின் சாமான்களோடு வந்து இறங்கும். அதை டிவியில் மாட்ட வேண்டும். டிவி இருப்பது கூடத்தில். கூடத்தின் நடுவில், இரண்டு கையிலும் கன்ட்ரோலரைப் பிடித்துக்கொண்டு, வேறு வேலையே பார்க்காமல் உட்கார யாருக்கு உரிமை உண்டோ அவர்களுடையதாக இருந்தது ஆட்டம். தம்பி ஆடுவான், அக்கா பார்த்துக்கொண்டிருப்பாள். ராமநாதபுரம் டவுனில் மணிக்கணக்குக்குக் காசு வாங்கும் கேம் சென்டர்கள் வந்தபோதும், அந்த வாசலில் ஒரு பெண் செருப்பைப் பார்த்த நினைவு எனக்கில்லை.

பெண்களுக்கு ஆட்டமே இல்லாமலில்லை. பல்லாங்குழி உண்டு, தாயம் உண்டு. சோழியும் இந்தக் கடல் தந்ததுதான். ஆனால் அவை யாராவது கூப்பிட்டால் பாதியில் எழுந்து போகக்கூடிய ஆட்டங்கள். உலை வைத்துவிட்டு வந்து விட்ட இடத்தில் தொடரலாம்.

2016 செப்டம்பரில் ஜியோ வந்தது, டேட்டா மலிவானது. கம்ப்யூட்டரிலும் எக்ஸ்பாக்ஸிலும் ஓடிக்கொண்டிருந்த பப்ஜி, 2018 மார்ச்சில் போனுக்கு வந்தது. 2 ஜிபி ராம் இருந்தால் போதும். கன்ட்ரோலரின் பொத்தான்கள் எல்லாம் கண்ணாடித் திரையில் கட்டைவிரல்களுக்கு அடியில் வந்து உட்கார்ந்தன. கன்சோலுக்குள் மின்விசிறி உண்டு, போனுக்குள் கிடையாது. நம் கரையின் சித்திரை வெயிலில் போன் கொதிக்கும். சூடு ஏறினால் சிப் தன் வேகத்தைத் தானே குறைத்துக்கொள்ளும், படம் திக்கித் திக்கி நகரும். படத்தின் நுணுக்கத்தைக் குறைத்து ‘ஸ்மூத்’தில் வைத்து ஆடுவார்கள்.

இதையெல்லாம் சிப்பின் வரலாறாக எழுதிவிடலாம். எனக்கு 2020தான் முக்கியம். பள்ளிகள் மூடி, பாடம் போனுக்கு வந்ததும், பாம்பன், தங்கச்சிமடம் வீடுகளில் பெண்பிள்ளையின் கையில் போன் கொடுத்தே ஆக வேண்டியதாயிற்று. பாடம் முடிந்த பிறகும் அது கொஞ்ச நேரம் அவள் கையில் இருந்தது. கூடம் தேவைப்படவில்லை, டிவி தேவைப்படவில்லை.

நேரம்தான் தேவைப்பட்டது. 100 பேர் இறங்கும் ஒரு ஆட்டம் கடைசிவரை போனால் அரை மணி நேரம் ஆகும். நடுவில் நிறுத்தி வைக்க முடியாது. அம்மா பாசி எடுக்கக் கடலுக்குப் போயிருப்பாள், சோறும் தம்பியும் இவள் பொறுப்பு. “தம்பி அழுறான் பாரு” என்று ஒரு குரல் வந்தால், திரைக்குள் இவளுடைய ஆள் வெட்டவெளியில் அப்படியே நிற்பான். நிற்கிற ஆளைச் சுடுவது சுலபம்.

2020 செப்டம்பர் 2 அன்று பப்ஜி தடை செய்யப்பட்டது. 2021 ஜூலையில் பிஜிஎம்ஐ என்ற பெயரில் திரும்பியபோது, 18 வயதுக்குக் கீழே உள்ளவர்களுக்கு ஒரு நாளைக்கு 3 மணி நேரம் மட்டுமே என்று வரம்பு வைத்தார்கள். மூன்று மணி நேரமா! அந்த விதியை எழுதியவர் மனதில் எந்தப் பிள்ளை இருந்திருக்கும் என்று யோசித்துச் சிரித்திருக்கிறேன்.

ஆண் பெயரில் கணக்கு, அணைத்து வைத்த மைக். பெண் குரல் கேட்டால் என்னென்ன பேச்சு வரும் என்று அவர்களுக்குத் தெரியும். எதிரியின் காலடிச் சத்தம் எந்தப் பக்கமிருந்து வருகிறது என்று அறிய இரண்டு காதிலும் இயர்போன் வேண்டும். இவள் ஒன்றைத்தான் மாட்டுவாள், மற்றக் காது அடுப்படிக்கு. சத்தம் கேட்கும், திசை தெரியாது. தப்பான பக்கம் திரும்பியிருக்கும்போது முதுகில் குண்டு பாயும்.