11 சீட்டு, 5 விரல்: ரெசிடென்ட் ஈவில் 7-ன் '21' ஆட்டத்தை ஜெயிப்பது எப்படி?

எதிரே உட்கார்ந்திருப்பவர் தலையில் சாக்குப் பை. உங்கள் கை விரல்கள் ஒரு வெட்டும் கருவிக்குள் மாட்டப்பட்டிருக்கின்றன. மேசையில் சீட்டு. தோற்றால் விரல் போகும். ஹாரர் கேம்களில் பேயைப் பார்த்து ஓடலாம், அலமாரிக்குள் ஒளியலாம். இங்கே அதெல்லாம் முடியாது. உட்கார்ந்து கணக்குப் போடணும், அவ்வளவுதான்.

ரெசிடென்ட் ஈவில் 7 வெளியானது 2017 ஜனவரியில். அடுத்த சில வாரங்களிலேயே கேப்காம் நிறுவனம் 'பேன்டு ஃபுட்டேஜ்' என்ற கூடுதல் தொகுப்புகளை வெளியிட்டது. அதன் இரண்டாம் பாகத்தில் இருக்கும் ஆட்டம்தான் '21'. கேம் வந்து பல ஆண்டுகள் ஆகியும், புதிதாக விளையாடுபவர்கள் பலர் இங்கே வந்து மாட்டிக்கொள்கிறார்கள். "எல்லாம் லக்" என்று விட்டுவிடுபவர்களும் உண்டு. உண்மையில் இது பாதி அதிர்ஷ்டம், பாதி எண்ணிக்கை. அந்த எண்ணிக்கைப் பாதியைத்தான் இங்கே பார்க்கப் போகிறோம்.

(கதையின் முக்கியத் திருப்பங்களைச் சொல்லவில்லை. ஐரோப்பாவில் 18 வயதுக்கு மேற்பட்டோருக்கு எனத் தரம் பிரிக்கப்பட்ட கேம் இது. ரத்தம், சித்திரவதைக் காட்சிகள் உண்டு.)

யார் யாருடன் விளையாடுகிறார்கள்?

நீங்கள் கிளான்சி. 'சூவர் கேட்டர்ஸ்' என்ற அமானுஷ்ய நிகழ்ச்சியின் கேமராமேன். அமெரிக்காவின் லூசியானா மாநிலத்தில் பேக்கர் குடும்பத்தின் வீட்டில் சிக்கியிருக்கிறார். எதிரே ஹாஃப்மேன், அவரும் ஒரு கைதிதான். இருவரையும் மோதவிட்டு வேடிக்கை பார்ப்பவன், பேக்கர் வீட்டு மகன் லூகாஸ்.

முதல் கட்டத்தில் பணயம் விரல். இரண்டாவதில் மின்சார அதிர்ச்சி. மூன்றாவதில் இருவருக்கும் நடுவே சுழலும் ரம்பம். தண்டனை மாறுகிறதே தவிர, சீட்டாட்ட விதி மாறுவதில்லை. இதை மனதில் வைத்துக்கொண்டாலே பதற்றம் கொஞ்சம் குறையும்.

விதிகள் என்ன?

பெயரைப் பார்த்து இதைச் சாதாரண பிளாக்ஜாக் என்று நினைத்தால் அங்கேயே தப்பு ஆரம்பிக்கிறது. வேறுபாடுகள் இவை:

- கட்டில் 52 சீட்டு கிடையாது. 1 முதல் 11 வரை, எண்ணுக்கு ஒன்றாக மொத்தம் 11 சீட்டுதான்.
- ராஜா, ராணி இல்லை. 1 என்பது எப்போதும் 1தான், 11 என்பது 11தான்.
- ஆளுக்கு ஒரு மூடிய சீட்டு, ஒரு திறந்த சீட்டு. அதன்பிறகு எடுப்பதெல்லாம் திறந்தே இருக்கும்.
- 21-ஐத் தாண்டாமல் அதற்கு நெருக்கமாக இருப்பவர் ஜெயிப்பார். இருவருமே தாண்டினால், 21-க்கு நெருக்கமாக இருப்பவருக்கு வெற்றி.
- இருவரும் அடுத்தடுத்து "போதும்" என்று சொன்னால்தான் சுற்று முடியும். நீங்கள் நின்ற பிறகு எதிராளி சீட்டு எடுத்தால், உங்களுக்கு மறுபடியும் வாய்ப்பு வரும்.
- ஒவ்வொரு சுற்றுக்கும் 11 சீட்டும் மறுபடி கலைக்கப்படும்.

கடைசி விதி முக்கியம். போன சுற்றில் உங்களுக்கு மூன்று முறை பெரிய சீட்டு வந்ததால் இந்தச் சுற்றில் சின்னது வரும் என்று எந்தக் கட்டாயமும் இல்லை. போன சுற்றை மறந்துவிடுங்கள். இந்தச் சுற்றில் மேசையில் இருப்பதை மட்டும் எண்ணுங்கள்.

எதை எண்ண வேண்டும்?

சுற்று தொடங்கும்போது உங்களுக்கு 3 சீட்டு தெரியும்: உங்களுடைய இரண்டு, எதிராளியின் திறந்த ஒன்று. மிச்சம் 8. அந்த எட்டில் ஒன்று எதிராளியின் மூடிய சீட்டு, ஏழு கட்டில். எது எங்கே என்று தெரியாததால், அடுத்து வரும் சீட்டு அந்த எட்டில் எதுவாகவும் இருக்க ஒரே அளவு வாய்ப்பு.

இப்போது உங்கள் கையில் 16 என்று வைத்துக்கொள்வோம். 5 அல்லது அதற்குக் கீழே வந்தால் தப்பிப்பீர்கள். இரண்டு சூழல்களைப் பாருங்கள்.

*சூழல் 1:* உங்களிடம் 10, 6. எதிராளியின் திறந்த சீட்டு 11. தெரியாதவை 1, 2, 3, 4, 5, 7, 8, 9. இதில் பாதுகாப்பானவை ஐந்து. வாய்ப்பு 62.5 சதவீதம்.

*சூழல் 2:* உங்களிடம் 11, 5. எதிராளியின் திறந்த சீட்டு 2. தெரியாதவை 1, 3, 4, 6, 7, 8, 9, 10. பாதுகாப்பானவை மூன்றே மூன்று. வாய்ப்பு 37.5 சதவீதம்.

இரண்டிலும் கையில் அதே 16தான். ஆனால் ஒன்றில் எடுப்பது லாபம், இன்னொன்றில் ஆபத்து. "16 வந்தா நின்னுடு, 15 வந்தா எடு" என்ற பொது விதிகள் இந்த ஆட்டத்தில் எடுபடாமல் போவது இதனால்தான். தொகையை மட்டும் பார்க்காதீர்கள், வெளியே வந்துவிட்ட சின்னச் சீட்டுகளைப் பாருங்கள்.

தாண்டாமல் இருந்தால் ஜெயித்துவிடுவோமா?

இல்லை. பலரும் சறுக்குவது இந்த இடத்தில்தான். 21-ஐத் தாண்டாமல் இருப்பது வேறு, ஜெயிப்பது வேறு.

மேலே சொன்ன சூழல் 1-க்கே திரும்புவோம். உங்களிடம் 16, எதிரே திறந்த 11. எதிராளி இனி எடுக்கப் போவதில்லை என்று வைத்துக்கொண்டு கணக்குப் போடலாம்.

- நீங்கள் நின்றால்: அவருடைய மூடிய சீட்டு 1, 2, 3, 4 என்றால் உங்களுக்கு வெற்றி. 5 என்றால் சமம். 7, 8, 9 என்றால் தோல்வி. அதாவது வெற்றி வாய்ப்பு 50 சதவீதம், தோல்வி 37.5 சதவீதம்.
- நீங்கள் ஒரு சீட்டு எடுத்தால்: மொத்தம் 56 சாத்தியங்கள். அதில் 26-ல் வெற்றி, 3-ல் சமம், 27-ல் தோல்வி. வெற்றி வாய்ப்பு சுமார் 46 சதவீதம்.

தாண்டாமல் இருக்க 62.5 சதவீத வாய்ப்பு இருந்தும், எடுப்பதைவிட நிற்பதே மேல் என்று வருகிறது. ஆச்சரியம்தான்.

ஆனால் கதை இதோடு முடியவில்லை. எதிராளி "போதும்" என்று நின்றாரே, அதுவும் ஒரு தகவல். 12, 13, 14 வைத்திருப்பவர் சாதாரணமாக நிற்க மாட்டார். அப்படியானால் அவருடைய மூடிய சீட்டு 1, 2, 3 ஆக இருக்க வாய்ப்பில்லை என்று கழித்துவிடலாம். மிஞ்சுவது 4, 5, 7, 8, 9. இப்போது அதே கணக்கை மறுபடி போட்டால்:

- நின்றால் வெற்றி வாய்ப்பு 20 சதவீதம், சமம் 20 சதவீதம்.
- எடுத்தால் 35 சாத்தியங்களில் 14-ல் வெற்றி. அதாவது 40 சதவீதம்.

முடிவு அப்படியே தலைகீழ். சீட்டு மாறவில்லை, எதிராளி நின்றார் என்ற ஒரே ஒரு தகவல்தான் கூடியது. கணிதத்தில் இதை நிபந்தனை நிகழ்தகவு என்பார்கள். கல்லூரியில் பரீட்சைக்காகப் படித்தது, இங்கே விரலைக் காப்பாற்றுகிறது!

நடுவில் இவ்வளவு பெரிய கணக்கு போட முடியாதுதான். சுருக்கமாக ஒரு விதி: எதிராளியின் திறந்த சீட்டு பெரியது, அவர் எடுக்காமல் நிற்கிறார், உங்களிடம் 16 அல்லது அதற்குக் கீழே, சின்னச் சீட்டுகள் பெரும்பாலும் வெளியே வரவில்லை என்றால் எடுங்கள். சின்னச் சீட்டுகள் பெரும்பாலும் போய்விட்டன என்றால் எடுக்காதீர்கள், துருப்புச் சீட்டை யோசியுங்கள்.

துருப்புச் சீட்டுகளை எப்போது இறக்குவது?

எண் சீட்டுகளோடு, விதியையே மாற்றும் துருப்புச் சீட்டுகளும் கைக்கு வரும். பதற்றத்தில் வந்ததும் இறக்கிவிடுவதுதான் பொதுவான தவறு. முக்கியமானவற்றை இப்படிப் பிரித்துக்கொள்ளலாம்.

*இலக்கை மாற்றுபவை:* 'கோ ஃபார் 17', 'கோ ஃபார் 24', 'கோ ஃபார் 27'. இவை 21 என்ற இலக்கையே மாற்றிவிடும். நீங்கள் 23-ல் மாட்டிக்கொண்டால், 24-ஐ இறக்கினால் அதுவே நல்ல கை. நீங்கள் 17-ல் இருந்து எதிராளி 20-ல் இருப்பதாகத் தெரிந்தால், 17-ஐ இறக்கினால் அவர் தாண்டியவர் ஆகிவிடுவார்.

*சீட்டைத் திருப்புபவை:* 'ரிட்டர்ன்' நீங்கள் கடைசியாக எடுத்த திறந்த சீட்டைக் கட்டுக்கே அனுப்பும். தாண்டிவிட்டால் இதுதான் முதலுதவி. 'ரிமூவ்' எதிராளியின் கடைசித் திறந்த சீட்டைத் திருப்பி அனுப்பும். 'எக்ஸ்சேஞ்ச்' இருவரின் கடைசிச் சீட்டுகளை இடம் மாற்றும்.

*எண் துருப்புகள்:* குறிப்பிட்ட எண்ணைக் கட்டிலிருந்து எடுத்துத் தரும். அந்த எண் கட்டில் இல்லையென்றால் பலன் இல்லை. ஆனால் தோல்வியிலும் ஒரு லாபம் உண்டு. 5-ஐக் கேட்கிறீர்கள், வரவில்லை. மேசையிலும் 5 இல்லை, உங்கள் கையிலும் இல்லை. அப்படியென்றால் அது எங்கே? எதிராளியின் மூடிய சீட்டு 5தான். அவருடைய முழுத் தொகையும் இப்போது உங்களுக்குத் தெரியும்.

*எதிராளியை எடுக்கவைப்பது:* 'டிஸ்சர்வீஸ்' எதிராளியை ஒரு சீட்டு எடுக்க வைக்கும். அவர் 21-க்குப் பக்கத்தில் நிற்கிறார் என்று தோன்றும்போது இறக்கினால், பெரும்பாலும் தாண்டிவிடுவார்.

*பணயச் சீட்டுகள்:* 'ஒன் அப்', 'டூ அப்' எதிராளியின் பணயத்தை ஏற்றும். 'ஷீல்டு' உங்கள் பணயத்தைக் குறைக்கும். ஜெயிப்பது உறுதி என்று தெரிந்த பிறகு ஏற்றுங்கள், தோல்வி தெரிந்த சுற்றில் ஷீல்டு போடுங்கள். எல்லாச் சுற்றையும் ஜெயிக்கத் தேவையில்லை, மலிவாகத் தோற்கத் தெரிந்தால் போதும்.

*காவல்:* 'டிஸ்ட்ராய்' எதிராளி மேசையில் கடைசியாக இறக்கிய துருப்பை நீக்கும். கட்டம் ஏற ஏற எதிராளி மோசமான துருப்புகளை இறக்குவார். ரம்பம் வரும் கட்டத்துக்குள் நுழையும்போது கையில் ஒரு டிஸ்ட்ராயும் ஒரு ரிட்டர்னும் இருப்பது நல்லது.

எதிராளி தாண்டிவிட்டார் என்று எப்படித் தெரியும்?

அவருடைய திறந்த சீட்டுகளை மட்டும் கூட்டுங்கள். அதுவே 21 அல்லது மேலே என்றால் கதை முடிந்தது. மூடிய சீட்டு குறைந்தபட்சம் 1 ஆவது இருக்கும் அல்லவா? திறந்தவை 20 என்றால், மூடியது 1 ஆக இருந்தால் மட்டுமே அவர் தப்பிப்பார். அந்த 1 உங்கள் கையிலோ மேசையிலோ இருந்தால், அவர் நிச்சயம் தாண்டியவர். இனி நீங்கள் சீட்டைத் தொடவே கூடாது, பணயத்தை ஏற்றினால் போதும்.

நீங்கள் 22-ல் மாட்டியிருந்தாலும் இதே கணக்குதான். எதிராளி 23-ல் இருந்தால் ஜெயிப்பது நீங்கள்தான். தாண்டியதும் கை விட்டுவிடாதீர்கள்.

இதே டெக்னிக் நிஜப் பண ஆட்டத்தில் வேலை செய்யுமா?

இந்தக் கேள்வி வராமல் இருக்காது. சீட்டை எண்ணும் முறையை உலகறியச் செய்தவர் அமெரிக்கக் கணிதப் பேராசிரியர் எட்வர்ட் தார்ப். அவருடைய 'பீட் த டீலர்' நூல் 1962-ல் வந்தது. அதன்பிறகு கேசினோக்கள் சும்மா இருக்கவில்லை. பல கட்டுகளைச் சேர்த்துக் கலைக்கிறார்கள், சில இடங்களில் இயந்திரம் தொடர்ந்து கலைத்துக்கொண்டே இருக்கும்.

ஹாஃப்மேன் மேசையில் தெரியாத சீட்டு 8. ஒரு சீட்டின் எடை 12.5 சதவீதம். ஆறு கட்டுகள் சேர்த்த மேசையில் 312 சீட்டு. அங்கே ஒரு சீட்டின் எடை சுமார் 0.3 சதவீதம். இன்னொன்று, கேசினோவில் நீங்கள் முதலில் எடுக்க வேண்டும். தாண்டினால் உடனே பணம் போச்சு, அதன்பிறகு டீலரும் தாண்டினாலும் திரும்ப வராது. கேசினோவின் லாபமே பெரும்பாலும் அந்த ஒரு விதியில் இருக்கிறது. '21'-ல் இருவருக்கும் ஒரே விதி.

மொபைலில் பணம் கட்டி விளையாடும் ஆட்டங்களுக்கு வந்தால், சீட்டு எப்படிக் கலைக்கப்படுகிறது என்பதே நம் கண்ணுக்குத் தெரியாது. தவிர, 2025 ஆகஸ்ட்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய ஆன்லைன் விளையாட்டுச் சட்டம், பணம் வைத்து ஆடும் ஆன்லைன் ஆட்டங்களைத் திறமையா அதிர்ஷ்டமா என்று பார்க்காமல் தடை செய்கிறது. காசு கொடுத்து வாங்கித் தனியாக விளையாடும் ரெசிடென்ட் ஈவில் அந்த வகையில் வராது.

அதனால் எண்ணும் பழக்கத்தை லூகாஸின் மேசையில் வைத்துக்கொள்ளுங்கள். அங்கே விரல் போனாலும், ஆட்டத்தை மறுபடி தொடங்கினால் திரும்ப வந்துவிடும். வங்கிக் கணக்குக்கு அந்த வசதி இல்லை.